ஆணி டயர்

ஒஸ்லோவிலிருந்து வந்த அண்ணா எனக்குச் சேலை கொண்டு வரவில்லை, சொக்லேட்டும் கொண்டு வரவில்லை. ஆணி பதித்த நான்கு பனிக்கால டயர்களைத் தன் காரில் ஏற்றி, ஜெனோவாவில் கப்பல் பிடித்து, இத்தாலியின் தெற்கே பலேர்மோவில் என் வாசலில் இறக்கினார்.

"இத்தாலியிலை பனி கொட்டுதெண்டு செய்தியிலை பாத்தனான். இனி நீ பயப்பிடாமல் வேலைக்குப் போகலாம்."

"அண்ணா, அது வடக்கிலை. இஞ்சை தோடம்பழம் பழுத்துத் தொங்குது."

"குளிரைப் பற்றி எனக்குப் படிப்பிக்காதை."

அண்ணன் சுமந்து வந்ததை வேண்டாம் என்று சொல்லும் வழக்கம் எங்கள் வீட்டில் இல்லை. டயர் கடைக்காரர் வயிறு குலுங்கச் சிரித்தார். குளிர்காலம் முடியும்வரை சட்டப்படி ஓட்டலாம் என்று சொல்லி மாட்டிவிட்டார்.

பனியில்லாத தெருவில் அந்த ஆணிகள் போட்ட சத்தம்! தகரப் பேணியில் கல்லைப் போட்டுக் குலுக்கியதுபோல் கடகடத்தது. பக்கத்து ஊரான பகேரியாவில் நான் பராமரிக்கும், சிஞ்ஞோரா என்று கூப்பிடும் வயதான இத்தாலிய அம்மாவின் கட்டட முற்றத்துக்குள் நுழைந்தபோது புறாக்களெல்லாம் எழும்பிப் பறந்தன. எனக்கே வெட்கமாகப் போய்விட்டது. சனிக்கிழமை கழற்றிவிடலாம் என்று நினைத்தேன்.

அதற்குள் கட்டட நிர்வாகி வந்தார். என் வணக்கத்துக்கு ஒரு நாளும் பதில் சொல்லாதவர். "உங்கள் ஆட்கள் சத்தம் போடாதவர்கள் என்றுதான் உள்ளே விட்டோம். இனி இந்தக் காரோடு வந்தால், சிஞ்ஞோரா வேறு ஆளைத் தேடட்டும்."

அவருடைய மகனின் ஸ்கூட்டர் சைலன்சர் இல்லாமல் அலறும். கல்யாணத்துக்கு வெடி, திருநாளுக்கு வெடி. அதெல்லாம் சத்தமில்லை, நான் வருவதுதான் சத்தம். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"சட்டப்படிதான் ஓடுகிறேன். கழற்ற மாட்டேன்," என்றேன்.

சொல்லிவிட்டுப் படியேறும்போதுதான் யோசித்தேன். இந்த வேலை போனால் இங்கே தங்குவதற்கான பெர்மெசோவைப் புதுப்பிக்க முடியாது. சிஞ்ஞோராவுக்குக் காது மந்தம். நடந்ததை அவர் காதருகில் கத்திச் சொன்னேன்.

"நீ வருவது இப்போதுதான் எனக்குக் கேட்கிறது. காப்பியை அடுப்பில் வைக்க வசதியாயிருக்கிறது. அவனைப் போகச் சொல்," என்றார்.

குளிர்காலம் முழுவதும் கடகடத்துக்கொண்டே போய்வந்தேன். சட்டம் சொன்ன நாள் வந்த பிறகுதான் டயரை மாற்றினேன். மறுநாள் காலை என் கார் முற்றத்துக்குள் சத்தமில்லாமல் நுழைந்தது. நிர்வாகி நின்றிருந்தார். பழையபடி, அங்கே ஒருவரும் இல்லாததுபோல் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

ஹோர்னில் கையை வைத்து அழுத்தினேன். அவர் திரும்பி என் முகத்தைப் பார்க்கும்வரை எடுக்கவில்லை.