பின்னாலிருந்து கூப்பிட்டவன்

என் அண்ணன் விமானம் விழுந்து செத்தான். இப்படி நேராகத் தொடங்கினால்தான் மேலே எழுத வரும். சுற்றி வளைத்தால் வழக்கம்போல நழுவிவிடுவேன். நழுவுவதில் எனக்கு ஒன்பது வருடப் பழக்கம் இருக்கிறது.

காவாந்தண்டலத்தில் எங்களுக்குக் கொஞ்சம் நஞ்சை உண்டு. அண்ணன் எலக்ட்ரீஷியன், வளைகுடாப் பக்கம் கட்டட வேலை. இரண்டு வருடத்துக்கு ஒரு முறை இரண்டு மாத லீவில் வருவான். நான் உத்திரமேரூர் பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறேன். வயலையும் பார்த்துக்கொள்கிறேன். இரண்டையும் அரைகுறையாகச் செய்கிறேன் என்பது ஊரறிந்த விஷயம்.

எங்கள் வீட்டில் ஒருவர் வெளியூர் கிளம்புகிறார் என்றால் முதல் நாளே ஏற்பாடு தொடங்கிவிடும். பக்கத்து வீட்டு அக்கா தண்ணீர்க் குடத்தோடு தற்செயலாக எதிரே வரவேண்டும் என்று அம்மா சொல்லிவைப்பாள். அக்காவும் சொன்ன நிமிடத்தில் தற்செயலாக வருவாள். வாசற்படி தாண்டியவரை யாரும் பின்னாலிருந்து கூப்பிடக் கூடாது. அவரும் திரும்பிப் பார்க்கக் கூடாது. எதை மறந்திருந்தாலும் மறந்ததுதான். மீறித் திரும்பி வந்துவிட்டால் உள்ளே வந்து உட்கார்ந்து ஒரு சொம்பு தண்ணீர் குடித்துவிட்டு, புதிதாகக் கிளம்புவது போலக் கிளம்பவேண்டும்.

அண்ணன் கடைசியாகக் கிளம்பிய காலையில் எங்கள் வயலுக்கு அறுப்பு மெஷின் வருவதாக இருந்தது. அதனால் நான் பஸ் ஏற்றிவிடப் போகவில்லை. அண்ணன் படி தாண்டிவிட்டான். அப்பா பெட்டியைத் தூக்கிக்கொண்டு முன்னால் போனார். அம்மா தெருமுனையில் நின்றாள். நான் மாடி அறைக்குப் போனபோது அவனுடைய போன் சார்ஜர் பிளக்கிலேயே தொங்கிக்கொண்டிருந்தது.

யோசிக்கவே இல்லை. ஜன்னலைத் திறந்து, "அண்ணே, சார்ஜர்!" என்று கத்தினேன்.

பாதித் தெரு போனவன் திரும்பினான். நான் படியிறங்கி ஓடிவந்து நடையில் நின்ற அண்ணியின் கையில் சார்ஜரைக் கொடுத்தேன். அவள் வாசலுக்குப் போய் அண்ணனிடம் நீட்டினாள். அம்மா தெருமுனையிலிருந்து மூச்சு வாங்க வந்து சேர்ந்தபோது வாசலில் அண்ணனும் அண்ணியும் மட்டும்தான் நின்றிருந்தார்கள். நான் நடை இருட்டில் இருந்தேன்.

"இன்னாத்துக்குடா திரும்பின?" என்றாள் அம்மா.

"சார்ஜர வுட்டுட்டேம்மா. இதுக்குப் போய் இன்னா இவ்ளோ பேஜாரு?"

ஆனாலும் அவனை உள்ளே கூட்டிவந்து உட்காரவைத்தாள். அவன் சிரித்துக்கொண்டே தண்ணீர் குடித்தான். மீதியை விரலில் தொட்டுத் தன் பெண்ணின் முகத்தில் தெளித்தான். அவளுக்கு அப்போது பதினொரு வயது. பிறகு எழுந்து போனான். இந்த முறை யாரும் கூப்பிடவில்லை.

மாலையில் டிவியின் கீழே ஓடிய வரியில் அண்ணன் வேலை பார்த்த ஊரின் பெயர் வந்தது. தரையிறங்கும்போது விபத்து என்று போட்டார்கள். நான் அவனுடைய நம்பரை அடித்துக்கொண்டே இருந்தேன். போன் அணைத்துவைக்கப்பட்டிருக்கிறது என்று ஒரு பெண் குரல் பொறுமையாகச் சொல்லிக்கொண்டே இருந்தது. சார்ஜர்தான் கையில் இருக்கிறதே, போட்டுக்கொள்வான் என்றுகூட நினைத்தேன். மனசு எவ்வளவு கேவலமான இடத்திலெல்லாம் போய் ஒண்டிக்கொள்கிறது.

பல நாள் கழித்து சீல் வைத்த பெட்டியில் வந்தான். பிரிக்கக் கூடாது என்று சொல்லிவிட்டார்கள். தலைமாடு எந்தப் பக்கம் என்று அம்மா கேட்டுக்கொண்டே இருந்தாள். ஆம்புலன்ஸ் ஓட்டிவந்தவருக்கும் தெரியவில்லை. கடைசியில் யாரோ ஒருவர் ஒரு பக்கத்தைக் காட்டினார். அம்மா அங்கே முகத்தை வைத்து அழுதாள். செய்யாற்றங்கரையில் எரித்தோம்.

பதினாறாம் நாள் காரியத்துக்கு உறவுக்காரர்கள் எல்லோரும் கூடியிருந்தபோது, அழுது ஓய்ந்த அம்மா நிதானமாகச் சொன்னாள்.

"கெளம்பினவன பின்னாலேந்து கூப்ட்டா. ஒரு சார்ஜருக்காவ திருப்பினா. அதான் எம்புள்ள போய் சேந்தான்."

எல்லோரும் அண்ணியைப் பார்த்தார்கள். அண்ணி என்னைப் பார்த்தாள். ஒரே ஒரு முறைதான் பார்த்தாள். நான் வெற்றிலைத் தட்டோடு நின்றிருந்தேன். "கூப்பிட்டது நான்" என்று சொல்ல இரண்டு வார்த்தை போதும். நான் தட்டை எடுத்துக்கொண்டு தாய்மாமன் பக்கம் போய்விட்டேன்.

அவளே சொல்லியிருக்கலாமே என்று பிறகு எனக்கு நானே வக்கீல் வைத்து வாதாடியிருக்கிறேன். சொல்லியிருந்தால் யார் நம்பியிருப்பார்கள்? புருஷன் போன பதினாறாம் நாளே கொழுந்தன்மேல் பழி போடுகிறாள் என்றிருப்பார்கள். அது எனக்குத் தெரியும். தெரிந்துதான் சும்மா இருந்தேன். நாளைக்குச் சொல்லிக்கொள்ளலாம் என்று முதல் நாள் நினைத்தேன். அடுத்த மாதம் என்று பிறகு நினைத்தேன். அடுத்த வருடம் அப்பா மாரடைப்பில் போனார். அந்தப் பழியையும் அம்மா அதே கணக்கில் சேர்த்தாள்.

அதற்குப் பிறகு எங்கள் வீட்டிலிருந்து யார் எங்கே கிளம்பினாலும் அண்ணி தோட்டத்துப் பக்கம் போய்விடுவாள். யாரும் போகச் சொல்லவேண்டியதில்லை. செருப்பு எடுக்கும் சத்தம் கேட்டதும் மோட்டார் கொட்டகைக்குப் பின்னால் போய் நின்றுகொள்வாள். சாலவாக்கத்துக்கு உர மூட்டை வாங்கக் கிளம்பினாலும் அப்படித்தான். பெண் பள்ளிக்கூடத்துக்குக் கிளம்பும்போதும் அப்படித்தான். அந்தப் பெண் இதையெல்லாம் பார்த்துக்கொண்டேதான் வளர்ந்தாள். ஏன் என்று ஒரு நாளும் கேட்டதில்லை.

விபத்து விசாரணை அறிக்கை வர இரண்டு வருடத்துக்கு மேல் ஆனது. இணையத்தில் போட்டிருந்தார்கள். கடையில் இறக்கி, அச்செடுத்து, தெரியாத வார்த்தைகளுக்குப் போனில் அர்த்தம் தேடித் தேடிப் படித்தேன். ஊரார் மனுக்களையும் சான்றிதழ்களையும் நகல் எடுத்த மெஷினில் என் அண்ணனின் கடைசி நிமிடங்கள் பக்கம் பக்கமாகச் சூடாக வெளியே வந்தன. இரண்டு நாள் கடைக்கு வந்தவர்களிடம் எரிந்து விழுந்தேன்.

படித்ததை வீட்டில் அண்ணிக்குச் சொன்னேன். அவள்தான் கேட்டாள். அம்மா ஓரமாக உட்கார்ந்து மொச்சை உரித்துக்கொண்டிருந்தாள்.

அந்த விமானநிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு மேகம். அதிலிருந்து குளிர்ந்த காற்று செங்குத்தாகக் கீழே கொட்டியிருக்கிறது. பக்கெட் தண்ணீரை சிமெண்ட் தரையில் கவிழ்த்தால் நாலா பக்கமும் ஓடுமே, அந்த மாதிரி தரையில் மோதிப் பரவியிருக்கிறது. இறங்கி வந்த விமானத்துக்கு முதலில் எதிர்க்காற்று கிடைத்தது. அது விமானத்தைத் தூக்கியது. விமானி வேகத்தைக் குறைத்தார். காற்று கொட்டிய இடத்தின் நடுவைத் தாண்டியதும் அதே காற்று பின்னாலிருந்து அடித்தது. இறக்கைக்கு வேண்டிய காற்று போய்விட்டது. எச்சரிக்கை ஒலி கேட்டிருக்கிறது. உடனே முழு வேகம் கொடுத்து மேலே ஏறியிருக்கவேண்டும். கிட்டத்தில்தானே தரை என்று விமானி சில நொடிகள் தயங்கினார். ஓடுபாதையைத் தொடுவதற்கு முன்பே விழுந்துவிட்டது. காற்றை அளக்கும் கருவி நிலையத்தின் நடுவில் ஒன்றுதான் இருந்ததாம். அந்த இடத்தில் காற்று அமைதியாக இருந்ததாம்.

"இதுக்கு முன்னாடி வந்த பிளேனு?" என்றாள் அண்ணி.

"அதுவும் எறங்கத்தான் வந்துது. ஆட்டம் குடுத்ததும் எறங்காம மேல ஏறித் திரும்பிடுச்சு. சுத்திட்டு அப்பறமா வேற ஊர்ல எறங்கினாங்க."

"அதுல இருந்தவங்கல்லாம் வூடு போய் சேந்தாங்களா?"

"சேந்தாங்க."

அவள் என் கையிலிருந்த காகிதங்களைப் பார்த்தாள். பிறகு, "அப்போ திரும்பினவங்க பொழச்சாங்க" என்றாள்.

அம்மா மொச்சைத் தோலைக் கீழே உதறினாள். "திரும்பினதாலதான்டி எம்புள்ள போனான்."

அறிக்கையின் கடைசியில் இனி என்ன செய்யவேண்டும் என்று எழுதியிருந்தார்கள். ஓடுபாதையைச் சுற்றிலும் காற்றளக்கும் கருவிகள் நடவேண்டும். அந்த எச்சரிக்கை ஒலி கேட்டால் யோசிக்காமல் மேலே ஏறும்படி விமானிகளுக்குத் திரும்பத் திரும்பப் பயிற்சி கொடுக்கவேண்டும். இன்னொன்றும் இருந்தது. அதுவரை அந்தக் கம்பெனியில் இறங்காமல் திரும்பிய விமானி ஏன் திரும்பினேன் என்று எழுதிக்கொடுக்கவேண்டுமாம். தயக்கத்துக்கு அந்தப் பயமும் ஒரு காரணமாக இருக்கலாம் என்று சொல்லி, விசாரித்தவர்கள் அந்த விதியை எடுக்கச் சொல்லியிருந்தார்கள். திரும்பியதற்காக யாரையும் கேள்வி கேட்கக் கூடாது. இதெல்லாம் பிறகு நடைமுறைக்கும் வந்துவிட்டது.

அந்த வரியை நான் சத்தமாகத்தான் சொன்னேன். அண்ணி தலை நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். இரண்டாவது முறை. சொல்வதற்கு அதைவிட நல்ல நேரம் வரவே வராது. நான் காகிதங்களை அடுக்கி கிளிப் போட்டு பீரோவில் வைத்துவிட்டேன்.

"அதெல்லாம் பிளேன் ஓட்றவங்களுக்குத்தான் தம்பி" என்று சொல்லிவிட்டு அண்ணி அடுப்படிக்குப் போனாள்.

போன ஆடியில் அண்ணன் பெண்ணுக்கு வேலை கிடைத்தது. நர்சிங் டிப்ளமா முடித்திருந்தாள். வடக்கே ஒரு பெரிய ஆஸ்பத்திரி. அவளோடு படித்த இன்னொரு பெண்ணுக்கும் அங்கேயே கிடைத்ததால் அந்தப் பெண்ணின் அப்பா இருவரையும் காரில் மீனம்பாக்கம் கூட்டிப்போய், கூடவே விமானத்திலும் போய் விட்டுவருவதாக ஏற்பாடு. விமானம் என்றதும் அம்மா மூன்று நாள் சாப்பாட்டில் கை வைக்கவில்லை. ரயிலில் போகச் சொல்லிப் பார்த்தாள். அந்தப் பெண் கேட்கவில்லை. அவள் அப்பனைப் போல, சிரித்துக்கொண்டே தான் நினைத்ததைச் செய்கிறவள்.

கிளம்பும் காலையில் பக்கத்து வீட்டு அக்கா குடத்தோடு வந்தாள். அம்மாவுக்கு முட்டி போய்விட்டதால் கூடத்துக் கட்டிலிலேயே உட்கார்ந்திருந்தாள். அண்ணி முந்தின இரவே பெண்ணைக் கட்டிப்பிடித்து முத்தம் கொடுத்து முடித்திருந்தாள். செருப்புச் சத்தம் கேட்டதும் தோட்டத்துக்குப் போய்விட்டாள். பெண் படி தாண்டினாள். நான் உள்ளே திரும்பியபோது ஃபிரிட்ஜ்மேல் அவளுடைய சான்றிதழ் ஃபைல் இருந்தது.

கார் தெருமுனையில் நின்றது. இன்னும் இருபது அடி நடந்தால் ஏறிவிடுவாள். நான் ஃபைலைப் பார்த்துக்கொண்டு நின்றேன். வாய் திறக்கவே இல்லை. ஓடியாவது கொடுத்திருக்கலாம், அதுவும் செய்யவில்லை.

அண்ணி எப்படிப் பார்த்தாள் என்று தெரியவில்லை. பின்பக்கக் கதவிலிருந்து வந்தவள் ஃபைலை எடுத்துக்கொண்டு தெருவில் இறங்கி, "பாப்பா! நில்லு! திரும்பி வா!" என்று கத்தினாள். ஒன்பது வருடத்தில் அவள் வாசல் பக்கம் நின்று எழுப்பிய முதல் சத்தம் அது.

அம்மா போட்ட கூச்சலில் பக்கத்து வீட்டு அக்கா குடத்தைக் கீழே வைத்துவிட்டாள். பெண் திரும்பி வந்தாள், உட்கார்ந்தாள், தண்ணீர் குடித்தாள், போனாள். அன்று முழுக்க அம்மா ஓயவில்லை. "திரும்ப வச்சுட்டாளே, அப்பனுக்குப் பண்ணதப் பொண்ணுக்கும் பண்ணிட்டாளே." அண்ணி சுவர்க் கடிகாரத்துக்கு நேராகத் தரையில் உட்கார்ந்துகொண்டாள். விமானம் இறங்கும் நேரம் வந்தது, போனது. போன் வரவில்லை. அரை மணி நேரம் ஆயிற்று.

பிறகு போன் அடித்தது. அண்ணி ஸ்பீக்கரில் போட்டாள்.

"எறங்கிட்டோம்மா. லேட்டாயிடுச்சு. தரைக்குக் கிட்ட வந்துட்டு சர்ருன்னு மேல ஏறிடுச்சும்மா. இங்க நல்ல மழை. காத்து சரியில்லன்னு மைக்ல சொன்னாங்க. ஒரு ரவுண்டு அடிச்சுட்டு அப்பறம் எறக்கினாங்க. பக்கத்து சீட்ல ஒருத்தர் நேரமாயிடுச்சுன்னு ஒரே திட்டு."

"திரும்பிட்டாரா? ஓட்டினவரு?" என்றாள் அண்ணி.

"ஆமாம்மா."

அண்ணி அழத் தொடங்கினாள். அண்ணனின் பெட்டி வந்த அன்றுகூட அவள் அப்படிச் சத்தம் போட்டு அழுததில்லை.

கட்டிலிலிருந்து அம்மா சொன்னாள்: "காலையில இவ திருப்பினாள்ல, அதான் அங்கயும் அப்டி ஆயிருக்குது. எம்புள்ளைய முழுங்கினது பத்தல இவளுக்கு."

"அம்மா, நிறுத்து" என்றேன். என் குரல் எனக்கே புதிதாக இருந்தது. "அன்னிக்கு அண்ணன கூப்ட்டது நானு. மாடி ஜன்னல்லேந்து நாந்தான் கத்தினேன். அண்ணி வாயே தொறக்கல."

அம்மா திடுக்கிடுவாள், அழுவாள், என்னை அடிக்கக்கூட வருவாள் என்று ஒன்பது வருடமாக நினைத்துப் பார்த்து வைத்திருந்தேன். அவள் தலைமுடியை ஒதுக்கி முடிந்துகொண்டாள்.

"தெரியும்" என்றாள்.

"இன்னா தெரியும்?"

"பெத்தவளுக்குப் புள்ள கொரலு தெரியாதா? தெருமொனை வரிக்கும் கேட்டுது."

"அப்பறம் ஏம்மா...?"

"ரெண்டு பெத்தேன். ஒண்ணு பூட்டுது. மீதி கீறதையும் ஊரு வாயில போடச் சொல்றியா? அவ இன்னா, வந்தவதான?"

நான் அண்ணியைப் பார்க்க முடியாமல் தரையைப் பார்த்தேன். அங்கே அவள் மடிக்குப் பக்கத்தில் போன் வெளிச்சமாகக் கிடந்தது. பேச்சு இன்னும் துண்டிக்கப்படவில்லை.

"அம்மா" என்றது போன். அந்தப் பக்கம் மழைச் சத்தம் கேட்டது. "அப்போ அப்பாவ நீ கூப்டவே இல்லியா?"

அண்ணி முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு போனைக் கையில் எடுத்தாள்.

"இல்ல பாப்பா" என்றாள். "நான் கூப்டல."