ஒரே தள்ளுபடி, ஒரு டப்பா சந்தேஷ்

என்னை சிலிகுரிக்கு மாற்றியதை எதிர்த்து நான் போட்ட மனு இன்றுதான் விசாரணைக்கு வந்தது. நானோ மூன்று வருஷம் அங்கே வேலை பார்த்துவிட்டு, போன மாதமே கொல்கத்தாவில் டாக்குரியா வீட்டுக்குத் திரும்பிவிட்டேன். மகள் முதன்முதலாக நடந்ததை வீடியோவில்தான் பார்த்தேன்.

"இனி இந்த மனுவால் பயனில்லை, தள்ளுபடி" என்றார் நீதிபதி.

அடுத்தது எங்கள் ஆபீஸ் வித்யாவின் மனு. அவளையும் சிலிகுரிக்குத்தான் மாற்றியிருந்தார்கள். ஆனால் மனு போட்ட பத்தாம் நாளே ஆபீஸே அந்த மாற்றலை ரத்து செய்துவிட்டது. அதனால் அவள் மனுவுக்கும் பயனில்லையாம், தள்ளுபடி.

வெளியே வராந்தாவில் வித்யா சந்தேஷ் இனிப்பு டப்பாவை நீட்டினாள்.

"எடுத்துக்கோங்க சார். நம்ம ரெண்டு பேருக்கும் ஒரே ஆர்டர்!"

வயிறு எரிந்தது. இருந்தாலும் இரண்டு எடுத்துக்கொண்டேன்.

வீட்டில் மனைவி கேட்டாள், "கேஸ் என்னாச்சு?"

"தள்ளுபடி."

"வித்யாவோடது?"

"அதுவும் தள்ளுபடிதான்."

"அப்பாடா!"

அவள் முகத்தில் இவ்வளவு நிம்மதியைப் பார்த்து எத்தனையோ நாளாகிவிட்டது. மீதியை நான் சொல்லவில்லை. கமெண்டில் நீங்களும் உளறிவைக்காதீர்கள்.