துரைசானியம்மாவின் கடைசி நாவல்

மழையில் நனைந்த செய்தித்தாளை இன்று காலை உதறியபோது எழுந்த வாடை, என்னைக் குற்றாலத்துக்கே கொண்டுபோய்விட்டது.

அறுபதுகளின் தொடக்கம். எனக்குப் பதினான்கு வயது. பக்கத்து பங்களாவில் ஒரு வெள்ளைக்கார அம்மாள் இருந்தார்; துரைசானியம்மா என்றுதான் ஊரில் சொல்வோம். என் வயதுப் பிள்ளைகளுக்காக ஆங்கிலத்தில் நாவல்கள் எழுதியவர். அவர் புத்தகங்கள் இங்கிலாந்தில் விற்காமல் போயின. இன்னும் ஒன்றே ஒன்று போடுகிறேன் என்று பதிப்பாளர் சொல்லியிருந்தார். வீட்டைவிட்டு ஓடிப்போன ஒரு பெண்ணின் கதை அது. எழுத எழுத எனக்கு வாசித்து, தமிழில் அர்த்தமும் சொல்வார்.

ஆடிக் காற்றில் ஒருநாள் அவர் ஜன்னல் திறந்துகொண்டது. சாரலில் தாள்கள் எல்லாம் நனைந்து மை கரைந்துவிட்டது. என் அம்மா அடுப்போரம் பரப்பிக் காயவைத்துப் பார்த்தாள். நீலக் கறைதான் மிச்சம்.

"அழாதீங்கம்மா. மனசுல இருக்கும்லா? திரும்ப எழுதுங்க" என்றாள் அம்மா.

"இல்லை. வயசாச்சு. எல்லாம் மறந்து போகுது" என்றார் அவர்.

"ஏட்டி, நீ கேட்டதச் சொல்லுட்டி" என்று அம்மா என்னைத் தள்ளினாள்.

தொண்டை கட்டும்வரை சொன்னேன். அவர் எழுதிக்கொண்டே வந்தார். கடைசி அத்தியாயத்தை மட்டும் அவர் எனக்கு வாசித்திருக்கவில்லை. நான் நிறுத்தியதும் என் கைகளை இறுகப் பிடித்துக்கொண்டார்.

"அந்தப் பொண்ணு வீட்டுக்குத் திரும்பினாளா? சொல்லு, திரும்பினாளா?"

"தெரியலையேம்மா" என்று நானும் அழுதேன்.