பேர் விழாத ஆட்டம்

ரம்புக்கனையில் ரயிலுக்காக நின்றிருந்தபோது அழைப்பு வந்தது. "அப்பா போயிட்டாரு, சித்தப்பா" என்றாள் அண்ணன் மகள் பிரியா. கதிரவேல் அண்ணன் என் பெரியப்பா மகன். கேகாலைப் பக்கத்து ரப்பர் தோட்டத்தில் ஆயுள் முழுக்கப் பால் வெட்டியவர்.

தோட்டத் துரையின் கணக்கில் ஒரு நாள் வேலை பதிவானால் 'பேர் விழுந்தது' என்போம். அண்ணனுக்கு உலகமே அந்தப் பேர்தான். கல்யாணத்துக்கு முதல்நாளும் வேலைக்குப் போய்விட்டுத்தான் வந்தார். நாங்கள் கேலி செய்தபோது, "மாப்பிள்ளைனா சும்மா சோறு போடுவாங்களா?" என்றார். மழையால் வெட்டு நின்ற நாட்களிலும் உட்கார மாட்டார், கத்தியைத் தீட்டிக்கொண்டிருப்பார்.

அப்படிப்பட்டவருக்கு ஆட்டப் பைத்தியமாக ஒரு மகள். ஒருநாள் மழை விட்ட நேரத்தில் லயத்து வரிசைவீட்டு வாசலில் போனைச் சாய்த்து வைத்து ஆடிக்கொண்டிருந்தாள். அது படம் பிடிப்பது தெரியாமல் அண்ணன் பின்னால் வந்து நின்று கடிந்தார்: "ஆடு, நல்லா ஆடு. எந்த தொர வந்து பேர் போடுறாருனு பாப்போம்."

பிரியா சிரித்துக்கொண்டே அதை இணையத்தில் போட்டுவிட்டாள். பிள்ளைகளுக்கு அந்தக் குரல் பிடித்துப்போயிற்று. அதை ஒலிக்கவிட்டு யார் யாரோ ஆடினார்கள், தமிழ் தெரியாத சிங்களப் பிள்ளைகள்கூட. பிறகொரு நாள் பஸ்ஸில், முன் சீட்டிலிருந்து தம் குரலே தம்மை அதட்டக் கேட்டு அண்ணன் வெலவெலத்துப்போனார். வீட்டுக்கு வந்தவர் மகளிடம் கோபப்படவில்லை.

"செத்தவன் கொரலு மாதிரி இருந்திச்சு, தாயி. அத எடுத்துரு" என்று மட்டும் சொன்னார்.

அன்றே அவள் இணையத்திலிருந்தும் போனிலிருந்தும் அழித்துவிட்டாள். அதன்பின் வீட்டில் அவள் ஆடவுமில்லை.

காரியம் முடிந்த மறுநாள் அண்ணி ஒருமுறை அவர் குரலைக் கேட்க வேண்டும் என்றார். எங்கள் யாரிடமும் அது இல்லை. பிரியா அழுதுகொண்டே தேடி, கொடகவெலப் பக்கத்துப் பெண் ஒருத்தி ஆடியதைக் கண்டுபிடித்தாள். முன்பின் தெரியாத அந்தப் பிள்ளை துள்ளித் துள்ளி ஆட, பின்னாலிருந்து அண்ணன் திட்டினார். என்னையறியாமல் வாசலைத் திரும்பிப் பார்த்தேன்.

இந்த ஆட்டங்களைக் கண்டாலே முகம் சுளிக்கும் அண்ணி, கண்ணை மூடிக் கேட்டார். முடிந்ததும் மகளின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"அந்தப் புள்ளைய இன்னொருக்கா ஆடச் சொல்லு, தாயி."

பிரியா மறுபடியும் போட்டாள். அண்ணே, கோபித்துக்கொள்ளாமல் போய் வாருங்கள்.