அக்காவுக்குப் பல் வைத்த சுவர்

நான் முதன்முதலில் படம் வரைந்தது எங்கள் தேயிலைத் தோட்டத்துக் கிராணியின் வீட்டுச் சுவரில். ஆபீசில் எங்கள் வேலைக்குப் பேர் பதிந்து கணக்கெழுதும் அந்த மனிதரை, தொப்பையும் குடையுமாக, அடுப்புக்கரியால் ஆள் உயரத்துக்கு வரைந்து வைத்தேன். எனக்குப் பதினொரு வயது. சாயங்காலம் அப்பா தேயிலைச் செடி வெட்டும் கவ்வாத்துக் கத்தியைத் திருப்பிப் பிடித்து, அதன் பிடியால் என் வலது கையை உடைக்க ஓங்கினார். அக்கா குறுக்கே விழுந்தாள். என் கை தப்பியது. அவளுடைய முன்பற்கள் இரண்டும் வாசலில் கிடந்தன.

அன்றிலிருந்து அவள் வாயைக் கையால் மூடிக்கொண்டுதான் சிரிப்பாள். பெண் பார்க்க வந்தவர்கள் அவள் ஒருமுறை சிரிக்கும்வரை பொறுமையாக உட்கார்ந்திருந்து, பார்த்துவிட்டு, காப்பியைக் குடித்துவிட்டுப் போனார்கள். காப்பியை மட்டும் ஒருவனும் மிச்சம் வைத்ததில்லை.

இப்போது என்னைச் சுவரோவியக் கலைஞர் என்கிறார்கள். ஈப்போவின் சந்துகளிலும் கோலாலம்பூரின் மேம்பாலத் தூண்களிலும் என் படங்கள் இருக்கின்றன. ஆனால் தொழில் தொடங்கியது எங்கள் மலையூரான தானா ராத்தாவில் ஒரு பேனர் கடையில். தோட்டத்து ஆட்கள் குடியிருக்கும் எங்கள் லயங்களில் ஒருவருடைய முகத்தைப் பெரிதாகப் போடுவது அவர் செத்த பிறகுதான். முச்சந்தியில் கட்டும் அஞ்சலி பேனருக்கு முகத்தைத் திருத்திக் கொடுப்பது என் வேலை. கொஞ்சம் வெளுப்பாக்கு, தழும்பை எடுத்துவிடு, பல் வை என்பார்கள். உயிரோடு இருந்தவரை ஏறிட்டுப் பார்க்காத மூஞ்சிக்கு அவ்வளவு அக்கறை.

போன வருஷம் தானா ராத்தா பஸ் நிலையத்துக்கு எதிரே, மூன்று மாடிக் கட்டடத்தின் முதலாளி சுவர் முழுக்க ஒரு கொழுந்தெடுக்கும் பெண் வேண்டுமென்றார். சிரிக்க வேண்டும் என்றார். நான் அக்காவிடம் போய் நின்றேன். தன் மூஞ்சியைப் பார்த்தால் டூரிஸ்ட் பயந்துவிடுவான் என்று வாயை மூடிக்கொண்டு சிரித்தாள். அப்புறம், எனக்காக, கையை இறக்கிவிட்டு என் போனைப் பார்த்துச் சிரித்தாள். பெரியவளான பிறகு அவள் அப்படிச் சிரித்து நான் பார்த்ததே இல்லை.

ஏணியில் நின்று வாயை வரையும்போது கை தானாக இரண்டு பல்லை வைத்துவிட்டது. தானாக என்பது பொய். முதலாளி கீழே நின்று பார்த்துக்கொண்டிருந்தார். நிறத்தையும் கொஞ்சம் வெளுப்பாக்கினேன்.

படம் முடிந்த மறுநாள், கம்போங் ராஜாவிலிருந்து ஆஸ்பத்திரிக்கு வந்த சித்தி பஸ்ஸை விட்டு இறங்கியதும் அதைப் பார்த்திருக்கிறாள். மூன்று மாடி உயரத்துக்கு அக்கா முகம், வெளுப்பாக, பல்லோடு. அங்கேயே மாரில் அடித்துக்கொண்டு சொந்தக்காரர்களுக்கெல்லாம் போன் போட்டுவிட்டாள். மத்தியானம் ஒரு வேன் நிறைய ஆட்கள் மாலையோடு லயத்துக்கு வந்து ஒப்பாரி வைத்தார்கள். மலையில் கொழுந்தெடுத்துவிட்டுத் திரும்பியிருந்த அக்கா கதவைத் திறந்தாள். பிறகு எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அக்கா தேத்தண்ணி போட்டுக் கொடுத்தாள். மாலையை என்ன செய்வதென்று தெரியாமல் வேலியில் மாட்டிவிட்டுப் போய்விட்டார்கள்.

சாயங்காலம் நானும் சிரித்துக்கொண்டேதான் போனேன். அக்கா சிரிக்கவில்லை.

"செத்தவங்களுக்குத்தானே நீ மூஞ்சிய திருத்துவ? என்னைய ஏன்டா திருத்துன?"

எனக்கு வெட்கமாக இருந்தது. பல்லை எடுத்துவிடுகிறேன் என்று சத்தியம் செய்தேன். மறுநாள் காலை ஏணியோடு போய் முதலாளியிடம் கேட்டேன். பல்லில்லாத பொம்பளை பக்கத்தில் எவன் நின்று படம் எடுப்பான் என்றார். அதே மூச்சில், அடுத்த மாதம் தன் ஹோட்டல் சுவரையும் நானே செய்ய வேண்டும் என்றார். நான் ஏணியை லோரியில் ஏற்றிக் கட்டினேன்.

முதலாளி ஒத்துக்கொள்ளவில்லை என்று மட்டும் அக்காவிடம் சொன்னேன். ஹோட்டல் சுவரைப் பற்றிச் சொல்லவில்லை. அவள் என் வலது கையைக் கொஞ்ச நேரம் பார்த்தாள்.

"சரி விடுலா. நான் செத்தா பேனருக்கு அந்தப் படத்தையே போட்டுக்க. மறுபடி திருத்துற வேலை இல்ல."

இதைச் சொல்லும்போது அவள் வாயை மூடிக்கொள்ளவில்லை.