பன்றிக்குப் பின்னால் எமோகே

டிராம் பணிமனை ஃபிட்டர் தெஜோ தம் ஆயுளில் படம் எடுத்தது ஒரே ரோலில்தான். சின்ன சினிமா கேமராவோடு இரண்டு ரோல் வாங்கியிருந்தார். ஆகஸ்டில் பாலட்டன் ஏரிக்கரையில் மகள் எமோகேயை எடுத்து முடித்து, ரோலை மற்றதோடு இழுப்பறையில் போட்டார். எடுத்து முடித்த டப்பாவில் ஒட்டுத்தாள் ஒட்ட வேண்டும். ஒட்டவில்லை. டிசம்பரில் மைத்துனன் வீட்டில் பன்றி அடித்து, வைக்கோல் தீயில் மயிர் பொசுக்கியபோது கைக்கு வந்தது அதே ரோல். இருட்டிய பிறகும், மிச்சம் வீணாகக் கூடாதென்று கேமராவை ஓட்டிக்கொண்டிருந்தார்.

"பேயைப் படம் பிடிக்கிறியா? வந்து ஊத்திக்கோ," என்றான் மைத்துனன்.

பிப்ரவரியில் எமோகே மூளைக்காய்ச்சலில் போய்விட்டாள். ஏழு வயது. அவள் அசைவது, சிரிப்பது எல்லாம் அந்த ரோலில் மட்டும்தான் இருந்தது. கழுவி வாங்கிவந்து சுவரில் ஓட்டியபோது, தண்ணீரில் குதித்த பிள்ளையின் முகத்தின் மேல் வைக்கோல் தீ. தீக்குள் பன்றி. ஒரே ரோலில் ஒன்றின் மேல் ஒன்றாக இரண்டும் பதிந்திருந்தன. மனைவி பிரோஷ்கா புரொஜெக்டர் ஒயரைப் பிடுங்கினாள்.

"அடுப்புல போடு."

போடவில்லை. மறுபடி ஓட்டிப் பார்க்கவும் தைரியமில்லை. இருபது வருடம் ரோல் அலமாரியில் கிடந்தது. பிரோஷ்கா அதைப் பற்றிப் பேசவில்லை. பன்றிக்கறி சமைக்கவுமில்லை.

யார் யாரோ எடுத்த வீட்டுப் படங்களை வெட்டி ஒட்டிப் புதுப் படம் செய்கிறவன் கொர்னேல். பழைய ரோல் கேட்டு அவன் கொடுத்த விளம்பரத்தைப் பார்த்துவிட்டு தெஜோ போனார்.

"தம்பி, பன்றியை எடுத்துட்டுப் பிள்ளையை மட்டும் விடமுடியுமா?"

"குடுங்க மாமா, பார்க்கலாம்." அவன் ரோலை விளக்கில் பிடித்தான். அப்புறம் அவர் சொன்னது எதுவும் அவன் காதில் ஏறவில்லை.

வசந்தத்தில் பணிமனைக்குப் போன் செய்தான். "படம் ரெடி. மாமியையும் கூட்டிட்டு வாங்க."

"சரிபண்ணிட்டான். அவ முகத்தைப் பார்க்கலாம்," என்றார் பிரோஷ்காவிடம். அவள் உதட்டுச்சாயம் பூசிக்கொண்டாள்.

ஆட்கள் நிறைந்த அரங்கில், திரையில் தீ மெதுவாக, மிக மெதுவாக, எமோகேயின் கன்னத்தைத் தின்றது. பிரோஷ்கா எழுந்து வெளியே போனாள். படம் முடிந்து கைதட்டல் அடங்க நேரமாயிற்று.

"நாட்டுலயே அருமையான தப்பு உங்களோடதுதான் மாமா," என்று கொர்னேல் தோளில் கைபோட்டான்.

"அவ தனியா இருக்கிற இடம் ஒண்ணுகூட இல்லையா?"

"கடைசில கொஞ்சம் இருந்துச்சு. பன்றி இருட்டுல போயிடுச்சு, பொண்ணு மட்டும் பளிச்சுன்னு. சோளம் தின்னுக்கிட்டு சிரிக்குது. சும்மா வீட்டுப் படம். வெட்டிட்டேன்."

"வெட்டினது?"

"குப்பைல போயிருக்கும். ஏன் மாமா?"

பிரோஷ்கா டிராம் நிறுத்தத்தில் நின்றிருந்தாள். உதட்டைத் துடைத்திருந்தாள்.

"நாம ரெண்டு பேர் பார்த்தது போதாதுன்னு ஊரைக் கூப்பிட்டியா?"

தெஜோ டிராம் வருகிறதா என்று எட்டிப் பார்த்தார்.

"அவன் என்னதான் சொல்றான்?"

"ஒண்ணுமில்ல. நல்லா வந்திருக்காம்."