என் தமக்கையின் குங்குமமும் பின்னோக்கி ஓடிய சுருளும்

என் அத்தை மகன் இளமையில் எடுத்த சிறு படத்தை இன்று சிலர் வியந்து பேசுகின்றனர். அன்றாட வீட்டு வேலையையே அச்சம் தரும் காட்சியாக்கிய புதுமையாம்! அப்புதுமையால் அல்லலுற்ற என் தமக்கையை எவரும் நினைப்பதில்லை. ஆதலின் நடந்ததை எழுதி வைக்கிறேன்.

போர்க்காலம் அது. தமக்கையின் கணவர் இரங்கூனில் இருந்தார். மடல் வருவது நின்றுவிட்டது. அவள் பழங்காநத்தத்தில் எங்கள் வீட்டில் தங்கியிருந்தாள். சென்னையிலிருந்து படக்கருவியுடன் வந்த அத்தை மகன், முதல் நாள் அவள் கண்ணாடி முன் குங்குமம் வைப்பதையும், மறுநாள் வாசல் தெளித்துக் கோலமிடுவதையும் எடுத்தான்.

"என்னையப் பாக்காதீங்க மதினி, ஒங்க வேலையப் பாருங்க" என்றான். அவளும் நம்பி அப்படியே செய்தாள்.

பின்னொரு நண்பகலில், பலகணிகளைச் சமுக்காளத்தால் மூடி, சுவரில் வேட்டி கட்டிப் படம் காட்டினான். திருமங்கலத்திலிருந்து தமக்கையின் மாமியாரும் வந்திருந்தார். எவரிடமும் சொல்லாமல், வேண்டுமென்றே, சுருளைப் பின்னோக்கி ஓட்டினான். கோலம் அவள் விரல்களுக்குள் மறைந்தது. சிந்திய நீர் எழுந்து செம்புக்குள் புகுந்தது. சிரித்தோம். அடுத்து அவள் விரல் நெற்றியைத் தொட்டு விலகியது, நெற்றி வெறுமையாயிற்று.

மாமியார் எழுந்தார். "ஏத்தா, எம்மகன் போயிட்டான்னு எவன் வந்து சொன்னான்? பொட்டழிக்க அம்புட்டு அவசரமா?"

"வச்சதத்தான் அத்தே தம்பி எடுத்துச்சு! நான் அழிக்கல!"

"அப்ப எங்கண்ணு பொய் சொல்லுதாக்கும்?"

"நேரா ஓட்டிக் காட்டு மாப்ள!" என்று கத்தினேன்.

அவனோ முகம் மலர்ந்து, "பயந்தாங்க பாத்தியா மாப்ள? தெனம் பாக்குறதப் பாத்தே பயப்படணும், அதுக்குத்தான எடுத்தேன்!" என்றான். அவன் நேராக ஓட்டுவதற்குள் மாமியார் வண்டியேறிவிட்டார். நெற்றியில் குங்குமம் ஏறியதை நாங்கள் மட்டுமே கண்டோம்.

"கடுதாசி வரட்டும், பெறகு பாப்போம்" என்று போனவர், ஏழு திங்கள் மருமகளை அழைக்கவில்லை. அத்தனை நாளும் தமக்கை காலைதோறும் தெருவாசலில் நின்றே குங்குமம் வைத்துக்கொண்டாள். "நாலு பேரு பாக்கட்டும்" என்பாள்.

பருமாவிலிருந்து கால்நடையாகவே மீண்ட அவள் கணவர், தாமே வந்து அழைத்துச் சென்றார். மாமியாரும் வருந்தவில்லை, படம் எடுத்தவனும் வருந்தவில்லை. பார்த்தவர்கள் நடுங்கினரென்று அவன் பெருமையே பேசினான்.

காட்சிகளின் வரிசையிலோ திங்கள் கணக்கிலோ நான் பிழை செய்திருக்கலாம். அன்று உடனிருந்தோர் திருத்துக. அவள் குங்குமத்தை வைத்தாள், அழிக்கவில்லை என்பது மட்டும் திருத்தத்துக்கு உரியதன்று.